கிரீச்சுக்குப் பத்து மதிப்பெண்

முதலில் அந்த நாற்காலியைப் பற்றிச் சொல்லித் தொலைத்துவிடுகிறேன். அதைச் சொல்லாமல் மன்றத்தாரின் யோக்கியதை யாருக்கும் புரியாது.

நான் கீபோர்டு வாசிக்கிறவன். மேடையில் கண்ணை மூடித் தலையை ஆட்டிக் கைதட்டல் வாங்குகிற ரகம் இல்லை. ஒலிப்பதிவுக் கூடத்தில் கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் உட்கார்ந்து, பாடுகிறவர் மூச்சு வாங்கும் இடங்களையெல்லாம் நிரப்பிவிட்டு, டீயைக் குடித்துவிட்டு வீட்டுக்குப் போகிற ரகம். சோப்பு விளம்பரம், டயர் விளம்பரம், வங்கிக்குப் போன் போட்டால் "காத்திருக்கவும்" என்று சொல்லிவிட்டுக் காதில் ஊற்றுவார்களே ஒரு சங்கீதம், அது, எல்லாவற்றிலும் என் விரல் இருக்கிறது. பேர் இருக்காது. அதில் எனக்கு வருத்தமும் கிடையாது. கால் மணி நேரம் காத்திருந்தவன் சாபம் விடும்போது நம் பேர் அவனுக்குத் தெரியாமலிருப்பது உடம்புக்கு நல்லது.

நடுநடுவே பாட்டும் போடுவேன். மெட்டும் நானே, வரியும் நானே. போட்டதில் ஓடியது ஒன்றே ஒன்று, 'கதவைச் சாத்தாதே'. பாடியவள் என் கூடப்பிறந்த அக்கா. அன்று கூடத்தில் எனக்குக் கொடுத்த நாற்காலியில் ஒரு திருகாணி இல்லை. பாட்டின் தொடக்கத்தில் நான்கு சுற்று கீபோர்டு மட்டும்தான். மூன்றாவது சுற்று முடிகிற இடத்தில் மேல்கட்டையை எட்டிப் பிடிக்கச் சற்றுச் சாய்ந்தேன். நாற்காலி கிரீச் என்றது. "இன்னொரு தடவை எடுத்துடலாம் சார்" என்றேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்த ஒலிப்பதிவாளர், "அடுத்த ஆளுங்க வாசல்ல நிக்கறாங்க. இதையெல்லாம் எவன் காது குடுத்துக் கேக்கப்போறான்?" என்றார். பாட்டு ஓடு ஓடென்று ஓடியது. கிரீச்சும் கூடவே ஓடியது.

நாற்காலியின் கதை அவ்வளவுதான். இனி மனிதர்களின் கதை.

எங்கள் தொழிலை உருப்பட வைப்பதற்காக மெல்லிசைத் தர நிர்ணய மன்றம் என்று ஒன்றை ஆரம்பித்தார்கள். ஏழு மாடிக் கட்டடம். அதில் வேலை பார்க்கிற ஒருவருக்கும் ஒரு வாத்தியமும் வாசிக்கத் தெரியாது என்று ஆரம்பத்தில் கேலி பேசினோம். பிறகு விசாரித்தால், அது வேலைக்கான தகுதியாகவே வைக்கப்பட்டிருந்தது. வாத்தியம் தெரிந்தவர் பாரபட்சமாக நடந்துகொள்வாராம். மன்றத்தின் முதல் விதி, தரச் சான்று இல்லாதவன் எந்தக் கூடத்திலும் வாசிக்கக் கூடாது. மீறினால் கூடத்துக்குச் சீல்.

நான் அதைக் கண்டுகொள்ளவில்லை. விளம்பரக் கம்பெனிகள் வீட்டிலேயே வாசித்து அனுப்பச் சொல்லிவிட்டன, பிழைப்பு ஓடியது. அக்காவுக்குத் தொண்டையில் கட்டி வராமலிருந்தால், அந்த ஏழு மாடியின் நிழலைக்கூட நான் மிதித்திருக்க மாட்டேன்.

என் அக்காவின் குரலைப் பற்றிச் சொல்வதென்றால், அவள் பாடினதைவிடத் திட்டினது அதிகம். அம்மா போன பிறகு எனக்குச் சோறு போட்டவள் அவள். போடும்போதே திட்டுவாள், திட்டிக்கொண்டே இன்னொரு கரண்டி போடுவாள். ஹோட்டல் கச்சேரிகளில் பாடிவிட்டு வருகிற வழியில் ஓட்டுநரைத் திட்டுவாள், சாலையைத் திட்டுவாள், வீட்டுக்கு வந்து என்னைத் திட்டுவாள். தெருவில் எல்லோரும் அவளுக்கு 'ஒலிபெருக்கி' என்று பேர் வைத்திருந்தார்கள். அவளுக்கும் அது தெரியும்.

டாக்டர் ஸ்கேன் படத்தை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்துவிட்டு, சுற்றி வளைக்காமல் சொன்னார்.

"வர்ற வெள்ளிக்கிழமை ஆபரேஷன். தள்ளிப் போட முடியாதும்மா. அதுக்கப்புறம் குரல் இருக்காது. அதை இப்பவே மனசுல வாங்கிக்குங்க."

அக்கா கைப்பையின் வாரைப் பிடித்துத் திருகிக்கொண்டிருந்தாள். "அதுக்கு முன்னாடி பாடலாமா?"

"பேச்சையே குறைக்கணும். பாட்டுன்னா... ஒண்ணு. ஒரே ஒரு தடவை. ரெண்டாவது தடவைக்கு ஆசைப்படாதீங்க, தொண்டை தாங்காது."

"ஒண்ணு போதும் டாக்டர். அந்த ஒண்ணை உருப்படியா போட என் தம்பிக்குத் துப்பு இருக்கான்னுதான் பாக்கணும்."

வெளியே வந்ததும் என் தோளில் ஒரு அடி வைத்தாள். "மூஞ்சியைத் தொங்கப் போடாதே. எனக்கு ஒரு பாட்டு போடு. நிலா, காத்து, காதல், கத்திரிக்கா எல்லாம் வேண்டாம். நான் திட்டற மாதிரி ஒரு பாட்டு போடு."

அன்று மாலைக்குள் போட்டுவிட்டேன். என் வாழ்க்கையில் அவ்வளவு சுலபமாக ஒரு பாட்டு வந்ததில்லை. அவள் சொல்லிச் சொல்லி என் காது புளித்துப்போன வார்த்தைகள்தான். 'கோவிச்சுக்கோ, கோவிச்சுக்கோ, சாப்பிட்டுட்டுக் கோவிச்சுக்கோ' என்று பல்லவி. வாசித்துக் காட்டினேன். அவள் வாயைத் திறக்காமல் உதட்டை மட்டும் அசைத்துப் பார்த்தாள். இரண்டாவது சரணம் வந்தபோது எழுந்து அடுப்பங்கரைக்குப் போய் முகத்தைக் கழுவிக்கொண்டு வந்தாள்.

"பரவாயில்ல. ஒரு தடவை உருப்படியா பண்ணியிருக்கே" என்றாள்.

செல்போனில் பதிவு செய்துவிடலாம் என்று சொன்னேன். பார்த்த பார்வையில் நான் கருகாமல் தப்பித்தது அதிசயம். "மின்விசிறிச் சத்தமும் பக்கத்து வீட்டு மிக்ஸியும் சேர்ந்து பாடறதுக்கா என் கடைசித் தொண்டை? நல்ல மைக் வேணும். கூடம் வேணும். சிவப்பு விளக்கு எரியணும்." அதோடு பேச்சை நிறுத்தினாள். மறுநாள் காலை முதல் வாயே திறக்கவில்லை. இருக்கிற குரலை அந்த ஒரு பாட்டுக்காகச் சேர்த்து வைத்துக்கொண்டாள். திட்டு மட்டும் நிற்கவில்லை, கைக்கு மாறிவிட்டது. வலது கையை இப்படி விசிறினால் 'எருமை', இரண்டு கையையும் மேலே தூக்கினால் 'உன்னைப் பெத்தாங்களே'.

கூடத்துக்காரர் பழைய பழக்கம். என்னைக் கண்டதும் எழுந்து வந்து கையைப் பிடித்துக்கொண்டார். விஷயத்தைக் கேட்டுக் கண் கலங்கினார். கலங்கிய கண்ணோடேயே, "சான்று இருக்கா மாஸ்டர்?" என்றார்.

"எனக்கா?"

"தப்பா நினைக்காதீங்க. போன மாசம் எதிர்க் கூடத்துக்குச் சீல் வச்சுட்டாங்க. ஜால்ரா தட்டின ஆளுக்குச் சான்று இல்லையாம். போய் ஒரு தேர்வு எழுதிட்டு வந்துடுங்க, உங்களுக்கென்ன, கண்ணை மூடிக்கிட்டு வாசிச்சுடுவீங்க."

போனேன். மன்றத்தின் லிஃப்ட்டில் ஏறியதும் என் காதில் விழுந்தது என் சங்கீதமேதான். 'கதவைச் சாத்தாதே'வின் தொடக்கம், அந்த நான்கு சுற்று. மூன்றாவது சுற்று முடிவில் கிரீச் என்றதும், லிஃப்ட் இயக்குபவர் மார்பில் கை வைத்துக் கண்ணை மூடினார்.

"இது நான் வாசிச்சதுங்க" என்றேன்.

"எல்லாரும் அப்படித்தான் சார் சொல்றாங்க" என்றார்.

பதிவாளர் அம்மா மூக்குக் கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்தார். மேசையில் ஒரு பூந்தொட்டி, அதில் பிளாஸ்டிக் செடி. அதற்குத் தண்ணீர் ஊற்றியிருந்தார்கள்.

"முன் அனுபவம்?"

"முப்பது வருஷம் இருக்கும்மா."

"அதுக்குச் சான்று?"

"இல்லீங்க."

"அப்ப அனுபவம் இல்லை" என்று சொல்லிவிட்டு, "தொடக்கநிலைத் தேர்வு எழுதுங்க. வாசிக்க வேண்டியது துணுக்கு எண் ஏழு" என்று ஒரு சுவரைக் காட்டினார். சுவரில் கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டியிருந்தது என் நான்கு சுற்று. ஒவ்வொரு சுரத்துக்கும் மதிப்பெண் குறித்திருந்தார்கள். மூன்றாவது சுற்றின் முடிவில் சிவப்பு மையில் ஒரு வளையம். கிரீச், பத்து மதிப்பெண்.

"அம்மா, அது நாற்காலிச் சத்தம்."

"ஆமா. நாற்காலி கீழே வாடகைக்குக் கிடைக்கும். மன்றம் அங்கீகரிச்ச கடை."

கீழே போய்ப் பார்த்தேன். உண்மையாகவே கடை. வரிசையாக ஓட்டை நாற்காலிகள். தேர்வுக்கு வந்தவர்கள் ஒவ்வொன்றிலும் உட்கார்ந்து ஆட்டிப் பார்த்துக் காது கொடுத்துக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். ஓர் அம்மாள் தன் மருமகனிடம், "இது கொஞ்சம் கட்டைக் குரலா இருக்கு மாப்பிள்ளை, அந்த ஓரத்துல இருக்கறதைப் பாருங்க" என்றார். எனக்கு வந்த எரிச்சலில், நாற்காலியாவது வெங்காயமாவது என்று வெறுங்கையோடு தேர்வு அறைக்குப் போய்விட்டேன்.

தேர்வாளர்கள் மூன்று பேர். இடப்பக்கத்தவர் கையில் மணி. வலப்பக்கத்தவருக்கு மதிப்பெண் போடுகிற வேலை. நடுவில் உட்கார்ந்தவர் கிரீச்சியல் துறைத் தலைவர். நான் பொய் சொல்லவில்லை, மேசைமேல் பலகை வைத்திருந்தார்கள். அந்தக் கிரீச்சை ஆராய்ந்து டாக்டர் பட்டம் வாங்கியவர். அறையில் எனக்குப் போட்டிருந்தது புது நாற்காலி, நன்றாகத் திருகாணி முடுக்கியது. வாசித்தேன். நாற்காலி சத்தமே போடவில்லை. மூன்று பேரும் இழவு விழுந்த மாதிரி ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"கிரீச் எங்கே?" என்றார் துறைத் தலைவர்.

"ஐயா, அன்னிக்கு அந்த நாற்காலியில ஒரு திருகாணி இல்ல. அதனாலதான் கத்துச்சு. வாசிச்சவன் நான்தான்."

அவர் சிரித்தார். பொறுமையாக, பெரிய மனதோடு சிரித்தார். "தம்பி, கிரீச் என்பது சத்தம் அல்ல. அது ஒரு நிலைப்பாடு. அதில் மூன்று அடுக்குத் துயரம் இருக்கிறது. முதலாவது தனிமனிதத் துயரம். இரண்டாவது சமூகத் துயரம். மூன்றாவதை நான் பதினோரு ஆண்டுகளாக ஆராய்ந்து வருகிறேன். அது இன்னதென்று தெரியவரும் நாளில் என் பதவி முடிந்துவிடும் என்பதால் நிதானமாகச் செய்கிறேன். நீங்கள் திருகாணி என்கிறீர்கள்."

"நான் வாசிச்சதுங்க..."

"படைத்தவர் சொல்வதை மன்றம் ஆதாரமாக எடுத்துக்கொள்வதில்லை. அவருக்கு உள்நோக்கம் இருக்கும்."

தேர்ச்சியில்லை. அடுத்த தேர்வு ஆறு மாதம் கழித்து என்றார்கள். வெள்ளிக்கிழமைக்கு ஆறு நாள் இருந்தது.

வீட்டில் அக்காவிடம் சொன்னேன். இரண்டு கையையும் மேலே தூக்கினாள். பிறகு தட்டை என் முன்னால் நகர்த்தி வைத்தாள்.

மறுநாள் மன்றத் தலைவரைப் பார்க்கக் காத்துக் கிடந்து உள்ளே போனேன். அவர் அறையில் ஒரு கண்ணாடிக் கூண்டு, கூண்டுக்குள் விளக்கு வெளிச்சத்தில் ஒரு நாற்காலி. பார்த்த மாத்திரத்தில் தெரிந்துவிட்டது. இடது கைப்பிடியில் நான் ஒட்டிய சூயிங்கம்கூட அப்படியே இருந்தது. அதற்கும் தனியாக ஒரு சின்ன விளக்கு போட்டிருந்தார்கள்.

"ஐயா, என் அக்காவுக்கு வெள்ளிக்கிழமை ஆபரேஷன். அதுக்கப்புறம் பாட முடியாது. இந்த ஒரு பாட்டுக்கு மட்டும் அனுமதி குடுங்க. நோயாளிகளுக்கு ஏதாவது விலக்கு இருக்குமில்லீங்களா?"

தலைவர் எழுந்து ஜன்னலோரம் போனார். எதிரில் நான் ஒருவன்தான் இருந்தேன், இருந்தாலும் கூட்டத்தைப் பார்த்துப் பேசுகிற குரலில் ஆரம்பித்தார்.

"மன்றம் வருவதற்கு முன் இந்தத் துறை எப்படி இருந்தது? யார் வேண்டுமானாலும் பாடினார்கள். தோன்றியபோது மெட்டுப் போட்டார்கள். மக்களும் எந்த வழிகாட்டுதலும் இல்லாமல் ரசித்துக்கொண்டிருந்தார்கள். என்ன ஒரு காட்டுமிராண்டித்தனம்! இசையை யாரிடமிருந்து காப்பாற்ற வேண்டும் என்று யோசித்தோம். குழு போட்டோம். இசைக்காரர்களிடமிருந்துதான் என்று குழு கண்டுபிடித்தது. இன்று பாருங்கள், சென்ற ஆண்டு முழுவதும் ஒரு தரமற்ற பாட்டுகூட வெளிவரவில்லை."

"பாட்டே வெளிவரலையேங்க."

"அதைத்தான் சொல்கிறேன்" என்று பூரித்துப்போனார். "விலக்கு கேட்டீர்கள். காலமானவர்களுக்கு எல்லா விதியிலிருந்தும் விலக்கு உண்டு. உங்கள் அக்கா இன்னும் அந்தத் தகுதியை அடையவில்லை."

அந்த நாற்காலியைத் தூக்கி அவர் தலையில் போட்டிருப்பேன். கூண்டுக்குப் பூட்டு இருந்தது. அதனால் காலில் விழுந்தேன். ஆமாம், விழுந்தேன். அக்காவுக்காக எவன் காலிலும் விழுவேன். அவருக்கு அது பிடித்துப்போய், மறுதேர்வுக்குத் தனி ஆணை கொடுத்தார்.

இந்தத் தடவை கடைக்குப் போய் ஒரு நாற்காலியை வாடகைக்கு எடுத்தேன். கடைக்காரர் நல்ல மனுஷன். "இடுப்பை லேசா இடப்பக்கம் தள்ளுங்க. அவசரப்படக் கூடாது. அழுத்தி உக்காந்தா முனகும், பாதி உக்காந்தாத்தான் கிரீச்சும்" என்று பொறுமையாகச் சொல்லிக் கொடுத்தார். ஒரு பகல் முழுக்க நாற்காலியை ஆட்டிப் பழகினேன். கீபோர்டைத் தொடக்கூட நேரமில்லை. தேர்வில் துறைத் தலைவர் கண்ணீரைத் துடைத்துக்கொண்டார். கிரீச்சுக்குப் பத்துக்குப் பத்து. கீபோர்டுக்கு, போனால் போகிறதென்று, தேர்ச்சி மதிப்பெண்.

செவ்வாய்க்கிழமை காலை சான்றோடு அக்காவை அழைத்துக்கொண்டு கூடத்துக்குப் போனேன். நல்ல புடவை கட்டிக்கொண்டு வந்திருந்தாள். கழுத்தில் கம்பளித் துண்டு, கையில் வெந்நீர் பிளாஸ்க். கூடத்துக்காரர் வாசலிலேயே நின்றுகொண்டிருந்தார். நான் நீட்டிய சான்றைக் கையில் வாங்கிக்கூடப் பார்க்கவில்லை.

"மாஸ்டர், நேத்து சாயங்காலம் புது உத்தரவு வந்திருக்கு. பாடறவங்களுக்கும் சான்று வேணுமாம்."

அக்காவின் கை எழும்பவே இல்லை. திட்டுவதற்குக்கூட எழும்பாத அந்தக் கையைப் பார்த்தபோதுதான் எனக்குப் பயம் வந்தது.

புதன்கிழமைக்குத் தேர்வு கிடைத்தது. வாசலில் செல்போன்களை வாங்கிப் பையில் போட்டுக்கொண்டார்கள். தேர்வு அறையில் பதிவு செய்ய அனுமதி இல்லையாம், வினா வெளியாகிவிடுமாம். உள்ளே அதே மூன்று பேர். நான் பக்க வாத்தியம் என்று பெயர் கொடுத்து அக்காவோடு நுழைந்தேன்.

"ஐயா, இவங்க குரலை மிச்சம் பிடிச்சு வச்சிருக்காங்க. ஒரு தடவைதான் பாட முடியும். நாளைக்கு ஒலிப்பதிவு. இங்க ரெண்டு வரி மெதுவாப் பாடிக் காட்டினா போதுமா?"

"முழுப் பாட்டு. முழுக் குரல்" என்றார் மதிப்பெண் போடுகிறவர். "முழுக் குரலும் இல்லாம எப்படிங்க தரம் பாக்கறது? புடவைக் கடையில பாதிப் புடவையைப் பிரிச்சுக் காட்டினா எடுப்பீங்களா?"

"அக்கா, வா, வீட்டுக்குப் போலாம்" என்றேன். "செல்போன்லயே பாடு. மிக்ஸி ஓடினா ஓடட்டும். நான் போய் அந்த வீட்டு ஃபியூஸைப் பிடுங்கிட்டு வரேன்."

அக்கா என் சட்டையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தாள். நான்கு நாளாகப் பேசாதவள் பேசினாள்.

"டேய், கூடத்துல பாடணும்னா இதைத் தாண்டித்தான் போகணும். ஒரு வேளை நாளைக்கும் வந்தாலும் வரும். டாக்டருங்க பயமுறுத்தத்தான் செய்வாங்க. வரலைன்னா, எங்கயாவது ஒரு இடத்துல முழுசா பாடினேன்னு இருக்கட்டும். நீ ஒழுங்கா வாசி, அது போதும்."

"பழைய பாட்டு ஏதாவது பாடிடேன்..."

"பாடினா இதான். வாசிடா."

வாசித்தேன். அவள் பாடினாள்.

எனக்கு அதைச் சொல்லத் தெரியவில்லை. இத்தனை வருஷம் அவள் குரலுக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தும் அப்படி நான் கேட்டதில்லை. 'கோவிச்சுக்கோ' என்று அவள் சொன்னபோது பசியோடு தெருவில் நின்ற ஒவ்வொரு பிள்ளையையும் காதைப் பிடித்து வீட்டுக்குள் இழுத்து வருகிற மாதிரி இருந்தது. கீபோர்டு கண்ணுக்குத் தெரியவில்லை எனக்கு, விரல் தானாக ஓடியது. நிமிர்ந்து எதிரே பார்த்தேன். மணிக்காரர் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். மதிப்பெண்காரர் தலையைத் தூக்காமல் எழுதிக்கொண்டிருந்தார். துறைத் தலைவர் குனிந்து, அக்கா உட்கார்ந்திருந்த நாற்காலியின் காலை உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தார்.

கடைசிச் சரணத்தில் மணி அடித்தது. நேரம் முடிந்துவிட்டதாம். அக்கா அந்த மணியை மதிக்கவில்லை. கடைசி வரியில் குரல் கிழிந்தது. கிழிந்ததை இழுத்துப் பிடித்துப் பாடி முடித்தாள். பிளாஸ்க்கைத் திறந்து ஒரு வாய் வெந்நீர் குடித்தாள். துண்டில் வாயைத் துடைத்தபோது லேசாகச் சிவப்பு.

"தேர்ச்சி. முதல் வகுப்பு" என்றார் மதிப்பெண்காரர். "நேரம் தாண்டினதுக்கும் கடைசி வரியில கரகரப்புக்கும் கொஞ்சம் குறைச்சிருக்கேன். சான்று அஞ்சு வருஷத்துக்குச் செல்லும். குரலை நல்லாப் பாத்துக்குங்கம்மா."

வியாழக்கிழமை எல்லாம் விதிப்படி நடந்தது. எனக்குச் சான்று, அவளுக்குச் சான்று, கூடத்துக்காரர் இரண்டையும் சுவரில் மாட்டிவிட்டுக் கதவைச் சாத்தினார். நல்ல மைக். சிவப்பு விளக்கு எரிந்தது. நான் தொடக்கம் வாசித்தேன். பாட வேண்டிய இடத்தில் அக்கா மைக்குக்குப் பக்கமாகச் சாய்ந்து வாயைத் திறந்தாள். காற்று வந்தது. காற்று மட்டும்தான் வந்தது. நான் நிறுத்தப் போனேன். அவள் கையை வீசினாள், வாசிடா எருமை என்று. வாசித்தேன். முதலிலிருந்து கடைசி வரை ஒரு வார்த்தை விடாமல், சத்தமில்லாமல், அவள் அந்தப் பாட்டைப் பாடினாள். நடுவில் ஒரு இடத்தில் அவள் நாற்காலி கிரீச் என்றது. கூடத்துக்காரர் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டிருந்தார்.

ஆபரேஷன் நன்றாக நடந்தது. அக்கா தேறிவிட்டாள். இரண்டு வேளை கஞ்சிக்குப் பிறகு மூன்றாவது வேளை கஞ்சியைக் கையாலேயே திட்டினாள்.

சான்று பெற்ற கூடத்தில் எதைப் பதிவு செய்தாலும் ஒரு பிரதி மன்றத்துக்குப் போக வேண்டும் என்று விதி. போனது. நாங்கள் அதை மறந்தேவிட்டோம். ஒரு நாள் தலைவரே போன் செய்தார்.

"கேட்டேன் ஐயா, கேட்டேன்! பாட்டு முழுக்கப் பாடகி பாடவே இல்லை! தரக்குறைவான ஒரு சுரம்கூட இல்லை. மன்றம் இத்தனை காலம் எதிர்பார்த்தது இதைத்தான்."

"ஐயா, அவங்களுக்குக் குரல் போயிடுச்சு. உங்க தேர்வுலதான் போச்சு."

"படைத்தவர் சொல்வதை நாங்கள் ஆதாரமாக எடுத்துக்கொள்வதில்லை" என்றார் பாசத்தோடு.

அது இப்போது துணுக்கு எண் எட்டு. பாடுகிறவர்களுக்குக் கட்டாயம். வாயைத் திறக்க வேண்டும், சத்தம் வரக் கூடாது, உரிய இடத்தில் நாற்காலி கிரீச்ச வேண்டும். துறைத் தலைவர் தன் துறையோடு மௌனவியலையும் சேர்த்து வாங்கிக்கொண்டார். மூன்றாவது அடுக்குத் துயரம் அதில்தான் ஒளிந்திருக்கிறதாம். அந்தப் பாட்டுக்கு வார்த்தை உண்டு என்று நான் சொல்லிப் பார்த்தேன். வார்த்தையோடு பாடினால் தகுதி நீக்கம் என்று விதியில் ஒரு வரி சேர்த்துவிட்டார்கள்.

தேர்வுக்குப் படிக்கிறவர்கள் எங்கள் வீட்டைத் தேடி வர ஆரம்பித்தார்கள். முதலில் வந்தவர்களை அக்கா துடைப்பத்தோடு வரவேற்றாள். போன வாரம் ஒரு பெண் அவளுடைய அம்மாவோடு வந்தாள். வெயிலில் நடந்து வந்து முகம் வாடியிருந்தது.

"மேடம், ரெண்டாவது சரணத்துல வாயை எவ்வளவு திறக்கணும்? ரெண்டு தடவை ஃபெயில் ஆயிட்டேன். நான் வாயைத் திறந்தாலே சத்தம் வந்துடுது மேடம். எவ்வளவு அடக்கினாலும் பாட்டு வந்துடுது. அதை எப்படி நிறுத்தறதுன்னு சொல்லிக் குடுங்க" என்று அழாத குறையாகக் கேட்டாள்.

"மூணாவது தடவையும் போச்சுன்னா இவளை நான் என்ன பண்றதும்மா, காலைலேர்ந்து கோவிச்சுக்கிட்டுப் பட்டினி வேற கிடக்கறா" என்றாள் அந்த அம்மா.

அக்கா அந்தப் பெண்ணையே பார்த்துக்கொண்டிருந்தாள். துடைப்பத்தைச் சுவரில் சாய்த்தாள். அடுப்பங்கரைக்குப் போய்த் தட்டில் சோறு போட்டுக்கொண்டு வந்து அவள் முன்னால் வைத்தாள். வலது கையை ஒரு வீசு வீசினாள், இரண்டு கையையும் மேலே தூக்கினாள், பிறகு தட்டைக் காட்டினாள். அந்தப் பெண் ஒன்றும் புரியாமல் என்னைப் பார்த்தாள்.

"சாப்பிடச் சொல்றாங்க" என்றேன்.

சாப்பிட்டாள். சாப்பிட்டுக்கொண்டே, அக்கா கையை வீசியது எந்தத் தாளத்தில் என்று மனதுக்குள் எண்ணிக்கொண்டிருந்தாள் பாவம். அவளுக்கு அந்தப் பாட்டின் வரி தெரியாது. எங்கள் இருவரைத் தவிர அது தெரிந்தவர்கள் யாரும் இல்லை. அதை என் அக்காவின் குரலில் கேட்டவர்கள் நான்கே நான்கு பேர். ஒருவன் நான். மற்ற மூவரும் மதிப்பெண் போட்டுக்கொண்டிருந்தார்கள்.